நான் அவனில்லை (1974 திரைப்படம்): விமர்சனப் பார்வை

புதுக்கோட்டையில் பிறந்த ஜெமினி கணேசன் நடிக்க, கே. பாலச்சந்தர் இயக்கி 1974-ஆம் ஆண்டு வெளிவந்த தமிழ்த் திரைப்படம் நான் அவனில்லை. பி. கே. அத்ரேயின் 'தோ மீ நவ்ஹேச்' என்னும் மராத்தி நாடகத்தைத் தழுவியது. வெவ்வேறு பெயர்களிலும் வேடங்களிலும் பெண்களை ஏமாற்றியவன், நீதிமன்றத்தில் எல்லாவற்றையும் மறுக்கிறான்.

கவர்ச்சியை மட்டுமே விற்றிருக்கக்கூடிய கதைப்பொருள் இது. ஆனால் ஏமாந்த பெண்கள் சாட்சிக் கூண்டில் ஏறிப் பேசுவதால், தோற்றத்தையும் அந்தஸ்தையும் பார்த்தே மாப்பிள்ளையை நம்பிவிடும் சமூக வழக்கமும் விசாரணைக்கு உள்ளாகிறது. 'காதல் மன்னன்' என்ற பிம்பத்தையே குற்றவாளிக்குக் கொடுத்தது பாலச்சந்தரின் துணிவு.

படத்தின் குறையும் அதிலேயே உள்ளது. ஜெமினியின் வசீகரத்தால் சிரிப்பு பல இடங்களில் ஏமாற்றியவன் பக்கம் சாய்கிறது; பெண்களின் இழப்பு பின்னுக்குத் தள்ளப்படுகிறது. செல்வா இயக்கிய 2007-ஆம் ஆண்டு மறுஆக்கத்தில் அந்தக் கவர்ச்சியே முதன்மை பெற்றது.