கழக வரலாறும் மக்கள் நினைவும்

உதைபந்தாட்டக் கழகமொன்றின் வரலாறு விமர்சனத்துக்குரிய பொருளாகுமா என்று சிலர் வினவக்கூடும். மக்கள் தம்மைப்பற்றித் தாமே சொல்லிக்கொள்ளும் கதைகள் யாவும் விமர்சனத்துக்குரியனவே. தலபுராணத்தையும் ஊர்ப்பெயர்க் கதையையும் ஆராயும் நாம், பல்லாயிரவர் கூடிக் குரலெழுப்பும் மைதானத்தின் கதையை ஆராயாது விடுவதற்கு நியாயமில்லை. கதையைச் சொல்பவர் யார், அதில் இடம்பெற்றோர் யார், விடுபட்டோர் யார் என்னும் வினாக்கள் புராணத்துக்குப் பொருந்துவது போலவே கழகத்தின் சிறப்பு மலருக்கும் பொருந்தும்.

மட்டக்குளியிலே இவை வெறும் ஏட்டு வினாக்களல்ல. களனி கங்கை கடலொடு கலக்கும் இப்பகுதியில், காக்கைதீவு மணலிலும் ஒழுங்கைகளிலும் மாலைதோறும் பந்துதைக்கும் பிள்ளைகள் அணிந்திருக்கும் சட்டைகளை நோக்குங்கள். மன்செஸ்டர், லிவர்பூல், ஆர்சனல் எனத் தூரத்து நகரங்களின் பெயர்கள் அவர்தம் நெஞ்சிலே எழுதப்பட்டிருக்கின்றன. எந்த வீரர் எத்தனை கோடிக்கு விலைபேசப்பட்டார் என்பதை என் மாணவர் ஒப்புவிப்பர். அந்தக் கழகத்தைத் தோற்றுவித்தோர் யாவர் என்று கேட்டால் மௌனமே விடையாகக் கிடைக்கும். பிள்ளைகளைக் குறைகூறிப் பயனில்லை. கழகத்தைப் பண்டமாக்கியோர், விற்பனைக்கு உதவும் நினைவை மாத்திரமே அவர்களிடம் சேர்ப்பித்திருக்கிறார்கள்.

மன்செஸ்டர் யுனைட்டட் கழகத்தையே எடுத்துக்கொள்வோம். 1878 ஆம் ஆண்டில், நியூட்டன் ஹீத் என்னுமிடத்திலிருந்த புகையிரதப் பெட்டித் தொழிற்சாலையின் தொழிலாளர் தொடங்கிய கழகம் அது. பச்சையும் பொன்னிறமும் அவர்களது முதற்கால நிறங்களுள் இடம்பெற்றன. கடனில் மூழ்கிய கழகத்தை 1902 இல் பியர் வடிசாலை முதலாளியான ஜோன் ஹென்றி டேவிஸ் மீட்டெடுத்தார். இன்றைய பெயர் அப்போது வந்ததே. ஐந்தாண்டுகளின் பின், 1907 இல், விளையாட்டு வீரர்கள் அதே நகரிலே தமக்கெனத் தொழிற்சங்கம் அமைத்தனர். வாரத்துக்கு நான்கு பவுணுக்கு மேல் ஊதியம் பெறலாகாது என்ற விதி அவர்களைக் கட்டியிருந்த காலம் அது. சங்கத்தின் முன்னணியில் நின்ற பில்லி மெரடித், சிறுவயதிலே நிலக்கரிச் சுரங்கத்தில் உழைத்தவர். 1909 இல், சங்கத்தை விட்டு விலகாதோர் ஆடமுடியாது என்று உதைபந்தாட்டச் சங்கத்தின் மேலிடம் மிரட்டியபோது, ஏனைய கழகங்களின் வீரர்கள் பெரும்பாலும் பணிந்தனர். மன்செஸ்டர் வீரர்கள் பணியவில்லை. தம்மைத் ‘தள்ளிவைக்கப்பட்டோர்’ என்று தாமே அழைத்துக்கொண்டு, தனியே பயிற்சி செய்தனர். இறுதியில் சங்கம் அங்கீகாரம் பெற்றது. அதற்கு விலையாக ஏனைய தொழிற்சங்கங்களுடனான இணைப்பைக் கைவிட நேர்ந்தது. ஊதிய உச்சவரம்பு ஒழிவதற்கு 1961 வரை காத்திருக்கவேண்டியிருந்தது.

இக்கழகத்தின் நினைவுகளுள் உலகறிந்தது 1958 பெப்ரவரி 6 இல் மியூனிக் நகரில் நிகழ்ந்த விமான விபத்து. எட்டு இளம் வீரர்கள் உட்பட இருபத்துமூவர் அதனால் மாண்டனர். அத்துயரத்தை நினைவுகூர்வது முறையே. ஆயினும், மரணத்தை நினைக்கும் சிறப்பு மலர்கள் தொழிற்சங்கத்தை ஏன் ஒரு வரியில் கடந்துவிடுகின்றன? துயரம் முதலாளியையும் தொழிலாளியையும் ஒரே இருக்கையில் அமர்த்திவிடுகிறது. போராட்டமோ அவர்களைப் பிரித்துக் காட்டுகிறது. ஆகவே ஒன்று விழாவாகிறது, மற்றொன்று அடிக்குறிப்பாகிறது.

எனினும் அடிக்குறிப்புகள் என்றும் உறங்கிக் கிடப்பதில்லை. 2005 இல் அமெரிக்காவின் கிளேசர் குடும்பத்தினர், பெரும்பகுதி கடன்பட்ட பணத்திலே கழகத்தை வாங்கி, அக்கடனின் பெரும் பாரத்தைக் கழகத்தின் தலையிலேயே சுமத்தினர். ஆதரவாளருள் ஒரு பகுதியார் வெளியேறி, உறுப்பினர் ஒவ்வொருவருக்கும் ஒரு வாக்கு என்ற விதியோடு அவ்வாண்டிலேயே தனிக் கழகம் கண்டனர். எஞ்சியோர் 2010 இல் பச்சையும் பொன்னிறமும் கலந்த கழுத்துத் துண்டுகளை அணிந்து மைதானத்தை நிறைத்தனர். நூற்றாண்டுக்கு முந்திய புகையிரதத் தொழிலாளரின் நிறங்கள் கடன்கார முதலாளிக்கெதிரான கொடியாயின. நினைவு என்பது பழம்பெருமை பேசுவதற்கான பொழுதுபோக்கு எனக் கருதுவோர் இந்நிகழ்ச்சியை மனங்கொள்ளல் வேண்டும்.

இங்கிலாந்தின் கதை எமக்குத் தொலைவானது எனக் கருதுவோர் வங்காளத்தை நோக்கலாம். ஆளவந்தோர் கொணர்ந்த விளையாட்டில் ஆளப்பட்டோர் அவர்களையே வென்ற கதை அங்கே உண்டு. 1889 ஆகஸ்ட் 15 இல் வட கல்கத்தாவில் தோன்றிய மோகன் பகான் கழகம், 1911 ஜூலை 29 இல், கேடயப் போட்டியின் இறுதி ஆட்டத்தில் கிழக்கு யோர்க்ஷயர் படையணியை இரண்டுக்கு ஒன்று என்ற கோல் கணக்கில் வென்றது. பதினொருவருள் பதின்மர் வெறுங்காலுடன் ஆடினர். முதற் கோலை இராணுவத்தினரே போட்டனர். பின்னர் சிவதாஸ் பாதுரியும் அபிலாஷ் கோஷும் வெற்றியை ஈட்டித் தந்தனர். ஆட்டத்தைக் காணமுடியாது பின்னால் நின்ற கூட்டத்தினருக்குப் பட்டங்களை ஏற்றிக் கோல் நிலவரம் அறிவிக்கப்பட்டது. வங்கப் பிரிவினைக்கெதிரான கிளர்ச்சி தணியாதிருந்த காலம் அது. அவ்வெற்றி மக்களுக்கு ஊட்டிய தன்மானத்தைக் குறைத்து மதிப்பிடலாகாது.

ஆனால் வெற்றி வேறு, வெற்றியைப் பற்றிய புராணம் வேறு. ஜூலை 29 இன்று கழகத் திருநாள், அப்பதினொருவரும் அமரர்கள், நூற்றாண்டு நிறைவில் திரைப்படமும் வந்தது. அவ்வாட்டத்தில் தோற்றதாலேயே ஆங்கிலேயர் தலைநகரைக் கல்கத்தாவிலிருந்து தில்லிக்கு மாற்றினர் என்று சொல்வாரும் உளர். தலைநகர் மாற்றம் 1911 டிசம்பரில் அறிவிக்கப்பட்டது மெய். அதன் காரணங்கள் அரசியலிலே கிடந்தனவன்றிக் கோற்கம்பங்களுக்கிடையே கிடக்கவில்லை. இத்தகைய கற்பனை மக்களைப் பெருமைப்படுத்துவது போலத் தோன்றினும், உண்மையில் அவர்களது நீண்ட போராட்டத்தைத் தொண்ணூறு நிமிடத்துக்கும் குறைவான ஓர் ஆட்டத்துள் அடக்கிவிடுகிறது.

புராணம் மறைப்பவை வேறும் உள. கழகத்தின் முதற்றலைவர் பூபேந்திரநாத் போஸ், பின்னர் 1914 இல் காங்கிரசின் தலைமையையும் ஏற்றவர். செல்வமும் கல்வியும் வாய்ந்த குடும்பங்களின் அரவணைப்பிலே கழகம் வளர்ந்தது. ‘வெறுங்கால்’ என்ற சொல்லைக் கேட்டதும் உழவனையும் கூலியாளையும் நாம் கற்பனை செய்துகொள்கிறோம். களத்தில் நின்றவர்களுள் கல்லூரி மாணவர் இருந்தார். சப்பாத்து அணிந்த ஒரேயொருவரான சுதிர் சட்டர்ஜி ஆசிரியர். எதிரே நின்றவர்கள் யார்? பிரித்தானியப் படையின் சாதாரணச் சிப்பாய்களிற் பெரும்பாலோர் ஏழை உழைப்பாளர் வீட்டுப் பிள்ளைகள். ஊரில் வேலையற்றுச் சீருடை அணிந்தோரும் அவர்களுட் பலர். மன்செஸ்டரிலே சங்கம் அமைத்தவர்களின் உறவினர் போன்றோரைத்தான் பேரரசு கல்கத்தாவில் காவலுக்கு நிறுத்தியிருந்தது. ஏகாதிபத்தியம் ஒரு நாட்டின் வறியோரைக்கொண்டு மற்றொரு நாட்டை அடக்கும் விதத்தை இதைவிடத் தெளிவாகக் காட்டும் காட்சி அரிது. சிறப்பு மலரில் அக்காட்சிக்கு இடமில்லை.

‘தேசத்தின் அணி’ என்ற பெயரும் எல்லோரையும் அரவணைக்கவில்லை. கீழை வங்கத்தினருக்கு இழைக்கப்பட்ட அவமதிப்பு 1920 இல் ஈஸ்ட் பெங்கால் கழகம் தோன்றக் காரணமாயிற்று. 1947 இன் பிரிவினையால் வீடிழந்து வந்தோர் அதனைச் சூழ்ந்தனர். ஊரை இழந்தவன் கழகத்திலே ஊரைக் காண்பான் என்பதை ஈழத் தமிழருக்கு எவரும் எடுத்துரைக்க வேண்டியதில்லை. 1891 இல் தோன்றிய முகமதன் ஸ்போர்ட்டிங், 1934 முதல் 1938 வரை ஐந்தாண்டுகள் தொடர்ச்சியாகக் கல்கத்தா லீக் வெற்றியைப் பெற்றது. இந்தியக் கழகமொன்று அந்த லீக்கை வென்றது அதுவே முதன்முறை. 1911 ஐ நினைவில் வைத்திருக்கும் எத்தனை பேர் 1934 ஐ அறிவர்? தேசிய நினைவு என்பதிலும் பந்தியில் முன்னிருக்கை, பின்னிருக்கை உண்டு.

எனினும் கதை அங்கே முடிந்துவிடவில்லை. 2020 இல் பெருவணிக நிறுவனமொன்றின் அணியோடு மோகன் பகான் இணைக்கப்பட்டு, அந்த அணியின் எழுத்துகள் கழகப் பெயரின் முன்னே ஒட்டப்பட்டன. ஆதரவாளர் மூன்றாண்டுகள் ஓயாது எதிர்த்தனர். 2023 இல் அவ்வெழுத்துகள் அகற்றப்பட்டன. அதே நிறுவனத்தின் வேறொரு வர்த்தகப் பெயர் பின்னே ஒட்டிக்கொண்டது. அரை வெற்றிதான், ஆயினும் நினைவை ஆயுதமாக்கிப் பெற்ற வெற்றி. 2024 ஆகஸ்டில் கல்கத்தா மருத்துவமனையொன்றில் பயிற்சி மருத்துவர் ஒருவர் பாலியல் வன்முறைக்குள்ளாகிக் கொல்லப்பட்டார். அம்மாதம் 18 ஆம் திகதி நடக்கவிருந்த மோகன் பகான் - ஈஸ்ட் பெங்கால் ஆட்டம் நிறுத்தப்பட்டது. அன்று மூன்று கழகங்களின் ஆதரவாளரும் மைதானத்துக்கு வெளியே ஒன்றுகூடி நீதி கோரினர். பொலிசார் தடியடி நடத்தினர். ஒரு நூற்றாண்டுப் பகைமை ஒரு மாலையிலே தோழமையானது. சிறப்பு மலர் எழுதுவோர் நாளை இந்நாளைச் சேர்ப்பார்களா, விடுவார்களா என்பதிலேதான் அவர்களது நேர்மை சோதிக்கப்படும்.

இப்பொழுது நம்மை நோக்குவோம். 1995 இல் கொழும்பில் நடந்த தெற்காசிய உதைபந்தாட்டப் போட்டியின் இறுதி ஆட்டத்தில் இலங்கை இந்தியாவை வென்றது. அடுத்த ஆண்டின் கிரிக்கெட் உலகக் கிண்ணத்தை அறியாத பிள்ளை இந்நாட்டில் இல்லை. முந்திய ஆண்டின் வெற்றியை அறிந்த பிள்ளையைத் தேடவேண்டியிருக்கிறது. நாட்டு அணிக்கே இக்கதியென்றால் ஒழுங்கைக் கழகங்களின் கதியைச் சொல்லவும் வேண்டுமா? துறைமுகத்திலும் புகையிரதப் பகுதியிலும் மாநகர சபையிலும் உழைத்தோர் வட கொழும்பிலே பந்துதைத்தனர். தமிழரும் சிங்களவரும் முஸ்லிம்களும் பறங்கியரும் ஒரே சட்டை அணிந்தனர். கிடைக்கும் மலர்களிலோ புரவலரின் படமும் அமைச்சரின் வாழ்த்துமே பக்கங்களை நிரப்புகின்றன.

நமது முற்போக்கு எழுத்துக்கும் இதில் பொறுப்புண்டு. தொழிலாளியை வேலைத்தலத்திலும் வேலைநிறுத்தத்திலும் கண்ட நாம், வேலை முடிந்தபின் அவன் எங்கே போனான் என்று நோக்கியது குறைவு. 1927 இன் கொழும்புத் துறைமுக வேலைநிறுத்தத்தை வகுப்பறையில் விளக்குகிறோம். ஒன்றாய் நிற்கும் பழக்கம் மாலைநேர மைதானத்திலும் பயிலப்படும் என்பதை விளக்குவதில்லை. ஓய்வும் உழைப்போரின் வாழ்வே. அதைப் பாடாத இலக்கியம் பாதி மனிதனையே பாடுகிறது.

ஆசிரியர்களும் மாணவர்களும் இப்பணியை இன்றே தொடங்கலாம். முதியோரிடம் போய்க் கேட்கட்டும். கழகத்துக்கு முதற்பந்து வாங்கப் பணம் சேர்த்தவர் யார்? சேறுபடிந்த சட்டைகளைத் துவைத்த பெண்களின் பெயர்கள் யாவை? ஆடிய வெளி எப்போது மதிலுக்குள் போயிற்று? 1983 ஜூலைக்குப் பின் அணியிலே காணாமற்போனவர் யார்; அவர் வீட்டுக் கதவைத் தட்டிக் காத்தவர் யார்? விடைகளைத் தமிழிலும் சிங்களத்திலும் எழுதட்டும். அவ்வேடு அச்சேறும் நாளில், நம் பிள்ளைகள் தூரத்து நகரின் சட்டையைக் கழற்றிவிட வேண்டுமென்று நாம் கேட்கப்போவதில்லை. அதை அணிந்தவாறே, நியூட்டன் ஹீத் தொழிலாளிக்கும் தம் பாட்டனுக்கும் இடையிலுள்ள உறவை அவர்கள் சொல்வார்களாயின் அதுவே போதும்.