ஒளியும் வழிபாடும்: ஜேம்ஸ் டரெலின் கலை பற்றிச் சில எண்ணங்கள்

கலை பற்றிய ஆய்வு இறையியல் ஏட்டில் இடம்பெறுவது சிலருக்கு வியப்பளிக்கலாம். ஆயினும் ஒளியையே தம் கலைப்பொருளாகக் கொண்ட ஒருவர் வழிபாட்டிற்கென ஓர் இல்லத்தை வடிவமைத்திருக்கையில், அதனை ஆராய்தல் திருச்சபையின் கடனேயாகும்.

ஜேம்ஸ் டரெல் 1943இல் லாஸ் ஏஞ்சலிஸ் நகரில் குவேக்கர் குடும்பமொன்றில் பிறந்தவர். பிறர் பொருள்களைக் காட்ட ஒளியைப் பயன்படுத்துவர். இவரோ ஒளியையே காணப்படும் பொருளாக்குகிறார். வெற்று அறையில் வண்ண ஒளியைத் தேக்கி, அது திண்ணிய சுவரெனத் தோன்றச் செய்கிறார். 1980இல் நியூயார்க் விட்னி அருங்காட்சியகத்தில் அத்தகைய ஒளியைச் சுவரென நம்பிச் சாய்ந்தோர் விழுந்தனர், வழக்குகளும் எழுந்தன. கண் எத்துணை எளிதில் மயங்கும் என்பதை இக்கலை கற்பிக்கிறது. ஆயினும் மயக்கும் திறன் அருளனுபவம் ஆகிவிடாது.

ஹூஸ்டன் நகரக் குவேக்கர்களுக்காக இவர் வடிவமைப்பில் பங்கேற்ற கூடுகை இல்லம் 2000ஆம் ஆண்டளவில் திறக்கப்பட்டது. அங்குப் பலிபீடமில்லை, பிரசங்க மேடையுமில்லை. உட்கூரையின் நடுவே ஒரு சதுரத் திறப்பு உண்டு. மேற்கூரை விலகுங்கால் வானமே இறங்கி அவ்விளிம்பில் தங்கியதுபோல் தோன்றும். படங்களாலும் விவரிப்புகளாலுமே இதனை நாம் அறிவோம். எனினும் அதன் கருத்து தெளிவானது. ஒவ்வொரு மனிதனுள்ளும் இறையொளி உண்டென்னும் குவேக்கர் கொள்கைக்கு இவ்வில்லம் கட்டட வடிவம் தருகிறது.

தமிழருக்கு இது முற்றிலும் புதிதன்று. வடலூரில் இராமலிங்க அடிகளார் எண்கோண வடிவில் எழுப்பிய சத்திய ஞான சபையில், 1872ஆம் ஆண்டுத் தைப்பூசம் முதல் ஏழு திரைகள் நீக்கப்பட்டுச் சோதி காட்டப்படுகிறது. ஆனால் அதற்கு ஐந்தாண்டுகள் முன்னரே, 1867இல், அடிகளார் தருமச்சாலையை நிறுவி அடுப்பு மூட்டினார் என்பதை மறத்தலாகாது. பசித்தோர்க்கு உணவு முந்தியும் ஒளி பிந்தியும் வரும் இவ்வரிசையையே ஏசாயா 58ஆம் அதிகாரமும் காட்டுகிறது. அயலானை விட்டுவிட்டு ஒளியைத் தேடுதல் இயலாது.

இவ்வளவுகோலால் நோக்கின் டரெலின் படைப்புகளிடையே வேறுபாடு புலனாகும். அரிசோனாவில் ரோடன் என்னும் அவிந்த எரிமலையை 1977இல் வாங்கி, அதனைக் குடைந்து வானோக்கு அறைகளை அவர் அமைத்து வருகிறார். அதன் மாட்சியை மறுப்பதற்கில்லை. ஆயினும் அங்கே காண்பவன் பெரும்பாலும் தனியன். ஹூஸ்டனிலோ மக்கள் ஒருங்கே கூடி மௌனம் காக்கின்றனர். வானம் இருண்ட பின்னும் அயலான் அருகே இருக்கிறான். ஆகவே சிறிய அவ்வில்லத்தையே சிறந்த படைப்பென மதிப்பிடுகிறோம்.

பாளையங்கோட்டையில் வாழும் நமக்கு மேலும் ஒரு வினா உண்டு. பார்வையற்றோர்க்கும் செவிப்புலனற்றோர்க்கும் மிஷனெரிமார் பள்ளிகள் நிறுவிய ஊர் இது. பார்வையற்ற நம் சகோதரிக்கு ஒளிக்கலை எதை அளிக்கும்? கூரைத் திறப்பின்வழி இறங்கும் மாலைக் காற்றும், பலர் சேர்ந்து காக்கும் அமைதியும் அவளுக்கும் உரியவை. காட்சியே வழிபாடு எனக் கொண்டால் அவள் புறத்தே நிற்க நேரிடும். பார்வையுள்ளோரே குருடராகக் காணப்படும் யோவான் 9ஆம் அதிகாரம் இங்கு நம்மை எச்சரிக்கிறது.

நம் ஆலயங்களிலும் வண்ண விளக்குகளும் மின்திரைகளும் இன்று பெருகிவருகின்றன. இக்கலைஞரிடம் நாம் கற்கத்தக்கது, வேண்டாதவற்றை அகற்றி வானத்திற்கு இடம்விடும் துணிவேயாகும். ஒளியும் படைப்புப் பொருளே. படைத்தவர் அழைத்ததால் அது உண்டாயிற்று. அதனை வணங்காமல், அதன் உதவியால் அயலான் முகத்தைக் காணும் சபையே ஒளியின் சபையாம்.