விற்கப்பட்ட வயலின்

ஹெர்மன் ஹெஸ்ஸேயைத் தமிழ் வாசகன் அறிந்தது, பெரும்பாலும், திருலோக சீதாராம் மொழிபெயர்த்த 'சித்தார்த்த'னின் மூலம். நமது புராதன ஞானத்திற்கு ஒரு வெள்ளைக்காரர் எழுதித் தந்த நற்சாட்சிப் பத்திரமாக அந்நாவலை வாங்கிப் பத்திரப்படுத்திக் கொண்டோம். 1932ல் வெளிவந்த அவரது 'கிழக்கு நோக்கிய பயணம்' என்ற குறுநாவலையும், தலைப்பைப் பார்த்து, அதே கணக்கில் வரவு வைத்துவிடலாம். அது பிழை. ஹெஸ்ஸே நிஜமாகவே கிழக்கே கப்பலேறியது 1911ல். சுமத்ராவையும் சிங்கப்பூரையும் இலங்கையையும் பார்த்தார். தன் தாய் பிறந்த மலபாருக்குப் போகாமலே திரும்பினார். இருபது வருஷங்களுக்குப் பிறகு அவர் எழுதிய பயணத்தில் வரும் கிழக்கு, தேசப்படத்தில் இல்லை.

இக்குறுநாவலின் மையம் ஒரு ரகசியச் சங்கம். அதன் அங்கத்தினர்கள் தேசங்களைக் கடப்பதைப் போலவே நூற்றாண்டுகளையும் கடக்கிறார்கள். 1903ல் இறந்துவிட்ட இசைஞர் ஹூகோ வோல்ஃப், எழுதப்பட்ட நாளில் உயிரோடிருந்த ஓவியர் பால் க்ளே, நாவலுக்குள் மட்டுமே பிறந்த ஸாஞ்சோ பான்ஸா எல்லோரும் ஒரே கூட்டத்தில் நடமாடுகிறார்கள். கதைசொல்லியான ஹெச்.ஹெச். ஒரு வயலின் கலைஞன். சாமான் தூக்கும் வேலைக்காரன் லியோ. சீட்டியடித்துக்கொண்டே வேலை செய்பவன்.

காலத்தைக் கடக்கும் வாகனம் எது? இதற்கான விளக்கம் 1943ல் வெளியான 'கண்ணாடிமணி விளையாட்'டில்தான் கிடைக்கிறது. அந்நாவல் இந்தப் பயணிகளுக்கே சமர்ப்பிக்கப்பட்டிருக்கிறது. 1600 அல்லது 1650ம் வருஷத்துச் சங்கீதத்தை, பிற்பாடு வந்த நுணுக்கங்களும் வித்வத் சாகசங்களும் தோன்றியே இராததுபோல வாசிக்கக்கூடியவர்கள் என்று அவர்களைப் பற்றி அதில் சொல்லப்படுகிறது. ஹெஸ்ஸே சுருதிக் கணக்குப் பேசவில்லை. ஆனால் விஷயம் அங்கேதான் இருக்கிறது. நன்கு சுருதி சேர்ந்த தம்புராவில், யாரும் மீட்டாத அந்தர காந்தாரம் தானாக ஒலிக்கக் கேட்கிறோம். ஆதார ஷட்ஜத்தோடு 5:4 என்ற விகிதத்தில் நிற்கும் ஸ்வரம் அது. 1600ஐ ஒட்டி ஐரோப்பிய வாத்தியங்களில் பரவலாக வழங்கிய சுருதிமுறை இந்தக் காந்தாரத்தின் தூய்மையைக் காப்பாற்றியது. அதற்கு விலையாக, ஒரு பஞ்சமம் கேட்கச் சகியாமல் ஊளையிட்டது. அதற்கு 'ஓநாய்' என்றே பெயர். இன்றைய பியானோவில் ஓநாய் இல்லை, எல்லா ஸ்தாயிகளும் சுருதிகளும் திறந்து கிடக்கின்றன. ஆனால் காந்தாரம் அரைஸ்வரத்தில் ஏழில் ஒரு பங்கு தவறி நிற்கிறது. ஆக, 1600க்குப் போக விரும்புகிறவன் புதிதாக ஒன்றைக் கற்றால் போதாது. கைவசமுள்ள வசதிகளைக் கைவிட வேண்டும். ஹெஸ்ஸேயின் காலப்பயணம் இழப்பினால் நிகழ்வது. இதைப் புரிந்துகொள்ளாதவர்கள் நாவலை மாயாஜாலக் கதையாக வாசிப்பார்கள்.

இழக்கச் சம்மதியாதவனுக்கு நேர்வதுதான் கதை. மோர்பியோ இன்ஃபெரியோரே என்ற இடத்தின் மலையிடுக்கில் லியோ காணாமல் போகிறான். ஆளுக்கு ஆள் தங்கள் மூட்டையில் எதுவோ தொலைந்ததாகத் தேடுகிறார்கள்; சந்தேகம், சச்சரவு, சிதறல். பல வருஷங்கள் கழித்து, கலைந்துபோன சங்கத்தின் சரித்திரத்தை எழுத உட்காருகிறான் ஹெச்.ஹெச். எழுத்து நகரவில்லை. இதற்குள் வயலினையும் விற்றுவிட்டிருக்கிறான். பின்னால்தான் தெரிகிறது: சங்கம் கலையவே இல்லை, விலகிப் போனவன் அவன்தான், வேலைக்காரன் லியோவே சங்கத் தலைவன். ஆவணக் காப்பகத்தில் மோர்பியோ சம்பவம் பற்றி ஒன்றுக்கொன்று முரணான மூன்று விவரணைகள் இருக்கின்றன. அவனுடையது அவற்றில் ஒன்று மட்டுமே. வாசிப்பவன் சங்கீதத்துக்கு ஊழியம் செய்கிறான். சரித்திரம் எழுத முனைந்தவன் அதைத் தன் உடைமையாக்கப் பார்க்கிறான். விற்கப்பட்ட வயலினின் அர்த்தம் இதுதான்.

இவ்வளவும் ஒப்புக்கொண்ட பிறகும் ஒரு கேள்வி உறுத்துகிறது. ஹெச்.ஹெச். நீதிமன்றத்தின் முன் தலைகுனிகிறான். தீர்ப்பளிக்க அந்தச் சங்கத்துக்கு யார் அதிகாரம் தந்தது என்று நாவல் கேட்கவே இல்லை. 1932ல், ஜெர்மன் மொழியில், தலைவனின் முன் ஒரு கலைஞன் முற்றாகச் சரணடைவதை எழுதியது நிராபத்தான காரியமல்ல. 1935ல் பாஹின் இருநூற்றைம்பதாவது பிறந்த வருஷம் லைப்ஸிக்கில் நாஜி அரசின் விழாவாகவே கொண்டாடப்பட்டது. சுருதி சுத்தம் யாரையும் தடுத்து நிறுத்திவிடவில்லை. சங்கீதத்துக்குச் செய்யும் ஊழியத்தையும் ஸ்தாபனத்துக்குச் செய்யும் ஊழியத்தையும் ஹெஸ்ஸே இக்குறுநாவலில் பிரித்துப் பார்க்கத் தவறிவிட்டார். இது சிறிய குறை அல்ல.

ஜெர்மனியில் அனுமதி மறுக்கப்பட்டு ஸ்விட்ஸர்லாந்தில் அச்சான 'கண்ணாடிமணி விளையாட்டு' இக்குறைக்கு அவரே எழுதிய விமர்சனம். அதில் வரும் காஸ்டாலியாவில் பழைய சங்கீதம் அப்பழுக்கின்றி ஒலிக்கிறது. புதிய சிருஷ்டிக்கு அங்கு இடமில்லை. பயணிகளின் வாகனம் அங்கே கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்த காட்சிப்பொருளாகிவிட்டது. ஊழியன் என்று பொருள்படும் க்னெக்ட் என்ற பெயர் தாங்கியவன் அதன் உச்சப் பதவியை அடைகிறான், பிறகு அதை உதறிவிட்டு ஒரேயொரு சிறுவனுக்குப் பாடம் சொல்லித்தரப் புறப்படுகிறான். போகும் வழியில் ஒரு சின்ன மரக் குழலை எடுத்து ஊதுகிறான். முந்தைய நூலில் சங்கத்தை விட்டவனுக்கு வாத்தியமும் போயிற்று. இதில் சங்கத்தை விட்டவன் கையில்தான் வாத்தியம் இருக்கிறது. பதினொரு வருஷங்களில் ஹெஸ்ஸே கடந்த தூரம் இது.

ஆனாலும் திரும்ப வாசிக்கச் சொன்னால் குறுநாவலையே எடுப்பேன். பெரிய நாவலின் தெளிவு அதில் இல்லை. அதன் இடத்தில் கூச்சம் இருக்கிறது. நூறு இருநூறு பேர் படிக்கும் பத்திரிகைகளைச் சுற்றி இங்கு கூடிய குழுக்கள் ஒவ்வொன்றுக்கும் ஒரு மோர்பியோ உண்டு. மூட்டையில் தொலைந்தது என்ன என்ற சச்சரவு உண்டு. மற்றவர்கள் போய்விட்டார்கள், நான் மட்டும் நின்றேன் என்று ஆளுக்கொரு சரித்திரமும் உண்டு. இச்சரித்திரங்கள் மிகத் திறமையாக எழுதப்பட்டிருக்கின்றன. எழுதியவர்கள் தங்கள் வயலினை எப்போது, என்ன விலைக்கு விற்றார்கள் என்பது மட்டும் அவற்றில் எங்கும் பதிவாகவில்லை.