ஒலியை அடக்கிய இசைவாணர்

தாய் அழுதால் வயலினும் அழ வேண்டும், குதிரை ஓடினால் முரசும் உடன் ஓட வேண்டும் என்பதே திரையிசையின் பெருவழக்கு. அவ்வழக்கினின்று விலகி நின்ற மிகச் சிலருள் ஒருவர் ருஷ்ய இசைவாணர் எடுவர்த் அர்த்தேமியேவ். 1937-இல் நொவொசிபிர்ஸ்கில் பிறந்து, 2022 டிசம்பரில் மாஸ்கோவில் மறைந்த அவர் இசையமைத்த படங்கள் ஏராளம். எனினும் இயக்குநர் தர்க்கோவ்ஸ்கியுடன் இணைந்து ஆக்கிய மூன்றே நம் நெஞ்சில் நிற்கின்றன.

மாஸ்கோ இசைக் கல்லூரியில் 1960-இல் தேறிய அந்த இளைஞரை ஈர்த்தது, பொறியாளர் முர்சின் உருவாக்கிய 'அன்ஸ்' என்னும் கருவி. கரிய பூச்சிட்ட கண்ணாடிப் பலகையில் கீறல்கள் இடுவர். அவற்றின் வழியே புகும் ஒளி ஒலியாக மாறும். ஒரு ஸ்தாயியை 72 கூறுகளாகப் பகுத்து 720 தொனிகளைத் தந்தது அது. 1972-இல் வந்த 'சொலாரிஸ்' படத்தில் நாம் கேட்பது அக்கருவியின் ஓசையே. தர்க்கோவ்ஸ்கி அவரிடம் வேண்டியது மெட்டுகளை அன்று. நீரோசையையும் காற்றோசையையும் ஒழுங்குபடுத்தித் தரும் ஒரு செவியைத்தான். 1975-இன் 'கண்ணாடி'யும் அவ்வழிப்பட்டதே.

நம் வாசகர்கள் கருத்தூன்றிக் கேட்க வேண்டியது 1979-இன் 'ஸ்டாக்கர்'. அதன் தொடக்க இசையில் ஒலிப்பது அஜர்பைஜான் முஸ்லிம்களின் 'தார்' என்னும் நரம்புக்கருவி. அவர்களுடைய செவ்வியல் இசைக்கு 'முகாம்' என்று பெயர். 'மகாம்' என்னும் அறபுச் சொல்லே அது. நாம் கூடாரமடித்துத் தங்குவதைக் குறிக்க வழங்கும் முகாமும் அதே வேரினதுதான்! முதலில் ஐரோப்பிய நடுக்கால மெட்டொன்றைத் தாருக்கு இசைவாக்கிப் பார்த்தார் அர்த்தேமியேவ். இயக்குநர் ஏற்கவில்லை. பின்னரே இந்திய இசையின் தம்பூராவைப் போல ஓயாது நிற்கும் சுருதியொன்றை மின்கருவியில் எழுப்பி, அதன்மேல் தாரையும் குழலையும் மிதக்கவிட்டார்.

இசை ஆகுமா ஆகாதா என்னும் பழைய வழக்கை இங்கே கிளற நாம் வரவில்லை. நாம் சொல்ல வந்தது வேறு. முஸ்லிம்களின் இசை மேனாட்டுத் திரையில் ஒலித்தால் ஒட்டகமும் பாலைமணலும் கூடவே வந்துவிடும். அதை ஓர் ஒப்பனைப் பொருளாக்குவதே அங்கு வழக்கம். 'ஸ்டாக்கர்' படத்திலோ ஒட்டகம் இல்லை, மினாரா இல்லை. துருப்பிடித்த இரும்பும் தேங்கிய நீருமே உண்டு. விருப்பம் நிறைவேறும் அறையைத் தேடிச் செல்லும் மூவரின் அகத்துக்கு அந்தத் தார் குரலாகிறது. இம்மரியாதையை வேறெங்கும் நாம் எளிதில் கண்டதில்லை.

அம்மூவரும் தண்டவாள வண்டியில் செல்லும் காட்சியையும் குறிப்பிட வேண்டும். சக்கரங்களின் தடதடப்பு மெல்ல மெல்ல எதிரொலியாகி, எந்த இடத்தில் அது இசையாயிற்று என்று அறியாதபடி மாறிவிடுகிறது. பேச்சில்லை, மெட்டில்லை. அவருடைய உச்சம் இதுவே என்பது நம் கணிப்பு.

அதே 1979-இல் கொன்சலோவ்ஸ்கியின் 'சிபிரியாதா'வுக்கு அவர் அமைத்த இசை உள்ளத்தைக் கிளர்த்துவது. மிகால்கோவின் படங்களில் வருவனவோ இனிய மெட்டுகள். மக்கள் அவற்றையே பெரிதும் விரும்பினர், குறை சொல்வதற்கில்லை. ஆயினும் எங்கே உருக வேண்டுமென அவை நமக்குச் சொல்லித் தந்துவிடுகின்றன. தர்க்கோவ்ஸ்கி அயல்நாடுகளில் எடுத்த கடைசி இரு படங்களிலோ இசையமைப்பாளரே இல்லை. பழம் இசைப் பதிவுகளும் நீர் சொட்டும் ஓசையுமே அங்கே கேட்கின்றன.