பாம்பு விழுங்கிய திங்கள்

தாம்பரத்திற்கு வடமேற்கே, சேக்கிழார் பிறந்த குன்றத்தூரில் உள்ள திருநாகேசுவரம் இராகுத் தலமாகப் போற்றப்படுகிறது. அருகே கெருகம்பாக்கம் கேதுவுக்குரியது. எந்தத் தொலைநோக்கியிலும் தென்படாத இவ்விரு கோள்களுக்குத் தமிழ்க் கவிதையில் மட்டும் சங்க காலந்தொட்டே இடமுண்டு.

கிரகணம் எவருடைய இறப்பிற்காகவும் நிகழ்வதன்று எனப் பெருமானார் (ஸல்) மொழிந்ததை அறிந்த நம் இல்லங்களில், இத்தகைய பாட்டைப் பிள்ளைகளுக்குச் சொல்லித் தரலாமா எனத் தயங்குவோர் உளர். தயக்கம் வேண்டியதில்லை என்பதே நம் கருத்து. குறளில் (1146) தலைவி கூறுவதைப் பாருங்கள். காதலரைக் கண்டது ஒரு நாள்தான். ஊர்ப்பேச்சோ திங்களைப் பாம்பு பற்றிய செய்திபோல் எங்கும் பரவிற்று. ஊரார் யாவரும் ஒருசேர அண்ணாந்து பார்க்கும் காட்சி ஒன்று அவளுக்கு வேண்டியிருந்தது; கிரகணத்தினும் பொருத்தமானது வேறென்ன? பாம்பை நீக்கிப் பூமியின் நிழலை வைத்தாலும் உவமை குலையாது.

கணக்கறிந்த பிரம்மகுப்தர் இராகுவின் தலைக்குப் பரிந்து பேசியதை 1030 அளவில் அல்பிரூனி கடிந்தெழுதினார். அது வானநூலாருக்குரிய கண்டனம். காதலியின் சொல்லுக்குப் பொருந்தாது. நம் குறையெல்லாம் முகத்தை மதியென்றும் கூந்தலை இராகுவென்றும் ஓயாமல் அடுக்கிய பிற்காலத்தார்மீதுதான். அவர்கள் வானத்தைப் பாராமல் ஏட்டைப் பார்த்தே பாடினர் என்று தோன்றுகிறது.