குப்பனும் பிசிராந்தையும்

பினாங்கு மாநிலத்தின் தென் செபராங் பிறையில், நிபோங் திபாலை அடுத்துள்ளது பைராம் தோட்டம். கரும்பு பயிரிட்ட காலத்தில் இவ்வட்டாரத்துத் தோட்டங்கள் பலவற்றுக்கு உரியவராயிருந்தோர் இங்கிலாந்தின் ராம்ஸ்டென் குடும்பத்தார். யார்க்ஷயரில் அவர்தம் மாளிகை நின்ற இடத்தின் பெயர் பைராம். அப்பெயரே கடல் கடந்து இங்கு வந்து குடியேறிற்று. பழைய ஆங்கிலத்தில் அதற்கு 'மாட்டுக் கொட்டில்களிடத்து' என்பது பொருள். பைரன் என்னும் புகழ்பெற்ற ஆங்கிலக் கவிஞரின் குடிப்பெயரும் அதே வேரினது. மாட்டுக் கொட்டிலைப் பெயரிற் சுமந்தாரென்று அப்பிரபுவை எவரும் இகழ்வதில்லை. ஆனால் தோட்டத்து லயத்தில் பிறந்த குப்பன் தன் பெயருக்கு நாணுகிறான். அவனை நாணச் செய்தவற்றுள் ஒன்று, இன்று புத்தகக் கடைதோறும் கிடைக்கும் குழந்தைப் பெயர்க் கையேடு.

இக்கையேடுகளின் அமைப்பு எளிது. இடப்பக்கம் பெயர், வலப்பக்கம் ஒரு சொல்லிற் பொருள். குப்பன், மூக்காயி, பிச்சை முதலிய பெயர்களுக்கு இவற்றில் இடமில்லை; முன்னுரையில் 'பொருளற்ற பெயர்கள்', 'இழிந்த பெயர்கள்' என்று ஒதுக்கப்படுவதே அவற்றுக்குக் கிடைக்கும் சிறப்பு. இவ்வொதுக்கல் ஆராய்ச்சியன்று. ஒரு பெயரைப் பற்றி இரு வினாக்கள் உள. எச்சொல்லினின்று பிறந்தது என்பது ஒன்று. எதற்காக இடப்பட்டது என்பது மற்றொன்று. கையேடு முதல் வினாவோடு நின்றுவிடுகிறது.

முன் பிறந்த குழந்தைகள் அடுத்தடுத்து இறந்துபோன வீட்டில், பின் பிறந்த குழந்தையைக் குப்பைமேட்டிற் கிடத்தி எடுத்துக் குப்பன் என்றும் குப்பம்மாள் என்றும் பெயரிட்டனர். ஆண் குழந்தைக்கும் மூக்குக் குத்தி மூக்கன் என்றனர். அயலாரிடம் கொடுத்துத் தவிட்டுக்கு வாங்கிக்கொள்வதும் உண்டு. கூற்றுவன் கண்ணுக்கு அக்குழந்தை வேண்டாப் பொருளாய்த் தோன்றவேண்டும் என்பதே கருத்து. ஆகவே, குப்பன் என்பதன் சொற்பொருள் குப்பை. இட்ட பொருளோ 'இதையாவது விட்டுவை' என்னும் வேண்டுகோள். சீனரிடத்தும் இவ்வச்சம் பெயராய் வெளிப்பட்டதுண்டு. கி.மு. இரண்டாம் நூற்றாண்டில் ஹான் பேரரசின் படைத்தலைவனாய் விளங்கிய ஹோ சூபிங் என்பானின் பெயருக்கு 'நோயை அகற்று' என்பது பொருள். சோங் காலத்துக் கவிஞர் சின் சீஜியின் பெயரும் அத்தகையதே. முன்னவன் இருபத்து மூன்று, இருபத்து நான்கு அகவைக்குள் இறந்தான் என்பது வேறு செய்தி. சீனர் அப்பெயரை இழிந்ததென்று வரலாற்றினின்று நீக்கிவிடவில்லை.

பிச்சை என்னும் பெயரைப் பற்றிச் சற்று விரித்துரைத்தல் வேண்டும். பள்ளியில் மிகுதியாக எள்ளலுக்கு ஆளாவது இதுவே. கிரேக்கத்தில் தியோடர், எபிரேயத்தில் மத்தேயு, யோனத்தான், அரபியில் அதாவுல்லா, பாரசீகத்தில் குதாதாது, வடமொழியில் தேவதத்தன்: இவையனைத்தும் இறைவன் கொடுத்தது என்னும் ஒரே கருத்தின. பிச்சை என்பதும் அக்கருத்தே. வேறுபாடு ஒன்றுண்டு. பிறமொழிப் பெயர்கள் கொடுத்தவனைக் கூறுகின்றன. தமிழ்ப் பெயரோ பெற்றவள் ஏந்திய கையைக் கூறுகிறது. இந்துக்கள், கிறித்தவர், இசுலாமியர் ஆகிய மூவரிடத்தும் இப்பெயர் வழங்கியிருப்பதும் நோக்கற்பாலது. தியோடர் என்று மகனுக்குப் பெயரிட விரும்புவோர் பிச்சை என்பதற்கு முகஞ்சுளித்தல் விந்தையே.

சொல்லின் மேற்றோற்றத்தை நம்பினால் புலவர் பெயரிலும் இடறி விழ நேரும். கோப்பெருஞ்சோழனின் நண்பர் பிசிராந்தையாரின் பெயரிலுள்ள ஆந்தையைப் பறவையென்றே எண்ணும் மாணவர் பலர். இயற்பெயரோடு தந்தை என்னும் முறைப்பெயர் புணரும் வகையைத் தொல்காப்பியர் எழுத்ததிகாரத்துப் புள்ளிமயங்கியலில் விதந்து கூறுகிறார். சாத்தன் தந்தை சாத்தந்தை. பூதன் தந்தை பூந்தை. ஆதன் தந்தை ஆந்தை. எனவே பிசிர் என்னும் ஊரினராகிய ஆதன் தந்தையே பிசிராந்தையார். மகன் பெயரால் தந்தையை விளித்தல் அரபியரின் 'அபூ' வழக்கோடு ஒத்தது. தந்தை பெயர் முன்னும் மகன் பெயர் பின்னுமாகச் சாத்தங்கொற்றன் என வருவதற்கும் அங்கே விதி உண்டு. தோட்டத்துப் பிறப்புப் பத்திரத்தில் மலாய்மொழிச் சுருக்கெழுத்து செய்யும் வேலையை, அம் என்னும் சாரியை அன்றே செய்தது.

எதிர்ப்புறத்து இடறலும் உண்டு. 1834-இல் ஜேம்ஸ் லோ என்பார் இன்றைய செபராங் பிறையில் ஒரு கல்வெட்டைக் கண்டெடுத்தார். இரத்தமிருத்திகை என்னும் ஊரினனாகிய மாநாய்கன் புத்தகுப்தனை அது குறிக்கிறது; எழுத்தமைதி கொண்டு ஐந்தாம் நூற்றாண்டினது என்பர். புத்தனாற் காக்கப்பட்டவன் என்பது பெயர்ப்பொருள். இதைக் கண்டதும், 'குப்தனே குப்பன் ஆயினான்' என்று குப்பனை உயர்த்திவிட நல்லெண்ணமுடைய சிலர் முற்படக்கூடும். அது பொருந்தாது. பாகதத்தில் குப்தன் குத்தன் ஆவானேயன்றிக் குப்பன் ஆகான். குப்பனுக்கு இரவல் பெருமை தேவையுமில்லை.

தோட்டக் கிராணிமார் ஆங்கிலத்தில் எழுதிய லெட்சுமி என்னும் வடிவத்தையும் பிழையென்று நகைப்பதுண்டு. க்ஷகரம் ககரம் இரண்டாகும் என்னும் நன்னூல் வழியே சென்றால் இலக்குமி. பேச்சு வழியே சென்றால் பக்ஷி பட்சியானது போல் லட்சுமி. ரத்தினம் ரெத்தினம் ஆனது போல் லெட்சுமி. கிராணி வடமொழி அறியாதவராயிருக்கலாம். தம் காதிற் கேட்ட தமிழைத்தான் எழுதினார்.

அவ்வாறாயின் பழம்பெயர் யாவும் போற்றத்தக்கனவோ எனின், அன்று. போதும்பொண்ணு, வேண்டாம் என்று பெண்மகவுக்கு இட்ட பெயர்கள் தமிழகத்தில் உண்டு. குப்பையென அழைத்தவள் குழந்தை பிழைக்கவேண்டும் என்று அழைத்தாள். போதும் என அழைத்தவர் அடுத்தது ஆணாகவேண்டும் என்று அழைத்தனர். முன்னதில் சொல் கசப்பு, கருத்து இனிப்பு. பின்னதில் இரண்டும் கசப்பே. 2011 அக்டோபரில் மராட்டிய மாநிலத்துச் சாத்தாரா மாவட்டத்தில், வேண்டாதவள் எனப் பொருள்படும் 'நகுசா' என்னும் பெயர்பூண்ட 285 சிறுமியர்க்கு விழாவெடுத்துப் புதுப்பெயர் சூட்டினர். அது தக்க செயலே. சுவாமி வேதாசலம் 1916-இல் மறைமலையடிகளானதும் இவ்விடத்து எண்ணத்தக்கது. வேதத்தை மறையாகவும் அசலத்தை மலையாகவும் பெயர்த்தார், பொருளை இழக்கவில்லை, தம் பெயரைத் தாமே மாற்றினார். வகுப்பில் மூக்காயியை வேறு பெயரிட்டழைக்கும் ஆசிரியர், அம்மூன்றில் எதையும் செய்வதில்லை.

பள்ளிப் பதிவேட்டில் மாணவர் பெயருக்கும், தந்தை பெயருக்கும், பிறந்த நாளுக்கும் கட்டங்கள் உள்ளன. பெயரிட்டவர் யார், எதற்காக இட்டார் என்பதற்குக் கட்டமில்லை. அதைச் சொல்லக்கூடிய பாட்டிமாருட் பலர் லயங்களை விட்டு நகர்ப்புறத் தாமான்களுக்குப் பெயர்ந்துவிட்டனர். அங்கே அவர்களிடம் அதைக் கேட்பார் அரியர்.