பிரேக்கில் கிடைத்த நாலு விநாடி

வத்தலக்குண்டில் என் அக்கா வீட்டு மாடியறை. பழைய தையல் மெஷின் மேசையின் விளிம்பில் ஒரு ஸ்டியரிங் இறுக்கிப் பொருத்தப்பட்டிருக்கிறது. பெடல் டைல்ஸ் தரையில் வழுக்கி ஓடும் என்பதால், சாக்கை நாலாக மடித்துச் சுவரோடு முட்டுக் கொடுத்திருக்கிறான் மருமகன். அஜித் அணி 2025 ஜனவரியில் துபாய் 24 மணி நேரப் பந்தயத்தில் தன் பிரிவில் மூன்றாம் இடம் பிடித்ததிலிருந்து பையனுக்கு வேறு பேச்சு இல்லை. வீடியோ கேம், அசெட்டோ கோர்சா காம்பெட்டிசியோனே. கார், சந்தேகமே வேண்டாம், போர்ஷே 911. தடம், இத்தாலியின் மான்சா: 5.793 கிலோமீட்டர், 11 வளைவுகள்.

நான் போய் உட்கார்ந்த அன்று அவனுடைய சிறந்த சுற்று 1:54. இதே வகைக் காரில் கெட்டிக்காரர்கள் 1:47-ல் முடிக்கிறார்கள். ஏழு விநாடி எங்கே போகிறது? அவன் கணக்கில் ஸ்டியரிங் மலிவானது, அதனால்தான். என் கணக்கு வேறு.

முதல் வளைவைப் பார்த்தாலே போதும். நேர்கோட்டில் உச்ச வேகத்தில் வந்து, திடீரென்று ஆட்டோ வேகத்துக்கு இறங்க வேண்டிய இடம். வலம், உடனே இடம். ஓரத்தில் 200, 150, 100 மீட்டர் பலகைகள். பையன் 100 பலகை வரை காலை எடுக்காமல் வந்து, அப்புறம் மிதிக்கிறான். கார் நிற்காமல் வளைவைத் தாண்டி வழுக்குகிறது. திருப்பி இழுத்து, கிட்டத்தட்ட நின்றுபோய், மறுபடி கிளம்புகிறான். உள்ளே போகும்போது விநாடியில் பத்தில் ஒரு பங்கு லாபம். வெளியே வரும்போது ஒரு விநாடி நஷ்டம்.

“150 தாண்டினதும் மிதி” என்றேன்.

“முன்னாடியே பிரேக் அடிச்சா டைம் எப்படி மாமா குறையும்?”

நியாயமான கேள்விதான். பதில் வாசலில் இருக்கிறது. காட்ரோடு தாண்டி டம்டம் பாறைக்கு ஏறும் பஸ்ஸில் டிரைவருக்குப் பின் இருக்கையில் ஒருமுறை காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்து பாருங்கள். கொண்டை ஊசி வளைவு கண்ணுக்குத் தெரிவதற்கு முன்பே ஹாரன், உடனே கியர் குறையும் சத்தம். வளைவுக்குள் அவர் கியரைத் தொடுவதில்லை. வண்டி நிமிரும்போது இன்ஜின் இழுப்பதற்குத் தயாராக இருக்கும். வளைவுக்குள் வந்த பிறகு கியரைத் தேடுகிற புது டிரைவர், ஏற்றத்தில் முக்கி முனகி, பின்னால் வரும் காய்கறி வேனிடம் திட்டு வாங்குவார்.

ஒரே ஒரு வித்தியாசம் உண்டு, அது சின்னதல்ல. மலைச்சாலையில் நமக்குச் சொந்தம் பாதி ரோடுதான். பந்தயத் தடத்தில் முழு அகலமும் நம்முடையது. வெளி ஓரத்திலிருந்து உள் ஓரத்தைத் தொட்டு, மறுபடி வெளி ஓரத்துக்கு வரலாம். அப்படிப் போனால் வளைவு விரிந்துவிடும். 15 மீட்டர் ஆரமுள்ள வளைவை, டயர் தன் எடைக்குச் சமமாகப் பிடித்தால், மணிக்கு 44 கிலோமீட்டரில் எடுக்கலாம். அகலத்தைப் பயன்படுத்தி ஆரத்தை 20 மீட்டராக்கினால் அதே டயர் 50-ல் போகும். பைசா செலவில்லை.

அடுத்தது பிரேக்கை விடும் விதம். இந்த ஜிடி3 வகைப் பந்தயக் கார்களில் ஏபிஎஸ் இருப்பதால் முதல் மிதி பலமாகவே இருக்கலாம். ஆனால் பையன் வளைவு வந்ததும் காலைச் சடக்கென்று எடுத்துவிடுகிறான். போர்ஷேவுக்கு இன்ஜின் பின்னால். மூக்கு லேசு. பிரேக்கை விட்டதும் பாரம் பின்னுக்குப் போய், முன் டயர் தரையைப் பிடிக்காமல், ஸ்டியரிங்கைத் திருப்பினாலும் கார் நேரே போகிறது. ஸ்டியரிங் திரும்பத் திரும்ப, பிரேக் அதே அளவுக்கு மெல்ல மெல்ல விடுபட வேண்டும். டயரின் பிடிமானம் ஒரே பர்ஸில் இருக்கும் பணம் மாதிரி. பிரேக்குக்குக் கொடுத்தது போக மிச்சம்தான் திருப்பத்துக்கு. இதற்கு மட்டும் அவனுக்கு இரண்டு மாலை ஆனது. பெடலுக்குக் கீழே இன்னொரு சாக்கும் ஆனது.

கடைசி வளைவில்தான் அதிக லாபம். பரபோலிகா என்று காலம் காலமாகச் சொன்னது. 2021-ல் பந்தய வீரர் அல்போரெட்டோவின் பெயரை வைத்தார்கள். அதற்கு அப்புறம் 1.1 கிலோமீட்டர் நேர்கோடு. அதில் சராசரி வேகம் 230-லிருந்து 233 ஆனாலே 17.2 விநாடி 17.0 ஆகிவிடும். அந்த மூன்று கிலோமீட்டர் வேகத்தை நேர்கோட்டில் யாரும் சம்பாதிக்க முடியாது. வளைவிலிருந்து வெளியேறும்போதே கையில் இருக்க வேண்டும். பையன் அவசரப்பட்டு ஆக்சிலேட்டரை மிதிப்பான், கார் வெளியே ஓடும், பயந்து காலை எடுப்பான், உடனே வால் சுற்றும். அரை விநாடி பொறுத்து, ஒரே மூச்சில் முழுக்க மிதிக்கச் சொன்னேன். பொறுக்கிறதுதான் அந்த வயதில் கஷ்டம்.

மாடியறையில் ஓட்டுவது வெறும் பொழுதுபோக்கு என்று அக்கா நினைக்கிறாள். ஆனால் கிரான் டூரிஸ்மோ என்ற வீடியோ கேம் ஆடுபவர்களிலிருந்து ஓட்டுநர்களைத் தேர்ந்தெடுக்க 2008-ல் தொடங்கிய ஜிடி அகாடமியில் முதலில் வென்ற ஸ்பெயின்காரர் லூக்காஸ் ஓர்டோன்யெஸ், 2011 லீ மான் 24 மணி நேரப் பந்தயத்தில் தன் பிரிவில் இரண்டாவதாக வந்தார். அந்த ஆண்டு அகாடமியில் வென்ற ஜான் மார்டன்பரோவின் கதை 2023-ல் சினிமாவே ஆனது. நம்மூரில் சோழவரம் விமான ஓடுதளத்தில் ஓட்டிப் பழகிய தலைமுறைக்கு 1990-ல்தான் இருங்காட்டுக்கோட்டைத் தடம் கிடைத்தது. வத்தலக்குண்டுப் பையனுக்கு அது இன்னமும் ஒரு ராத்திரி பஸ் தூரம். டயருக்கும் பெட்ரோலுக்கும் யார் கொடுப்பது? ஒரே வளைவை நூறு தடவை தப்பாக எடுக்க மாடியறையில்தான் முடியும்.

ஆனாலும் திரை ஒன்றைத் தராது: இடுப்பு உணரும் வழுக்கல். பஸ் டிரைவருக்கு அது முதுகில் தெரியும். பையனுக்கு ஸ்டியரிங் லேசாவதும் டயரின் கீச்சும்தான் தகவல். பாட்டை நிறுத்திவிட்டு ஆடச் சொன்னதற்கு அதுதான் காரணம். அந்த ஒரு யோசனைக்குத்தான் எதிர்ப்பு பலமாக இருந்தது.

இன்னொன்றும் மாற்றினோம். சிறந்த சுற்றை மட்டும் பார்ப்பதை விட்டு, பத்துச் சுற்றை நோட்டில் எழுத வைத்தேன். முதல் நாள் 1:54-க்கும் 2:01-க்கும் நடுவே ஊசலாடியது. மூன்றாம் வாரம் ஒன்பது சுற்று 1:50-க்கும் 1:51-க்கும் நடுவே. பத்தாவதில் அஸ்காரி வளைவில் புல்லில் இறங்கி, 1:58. முழுசாக நாலு விநாடி குறைந்திருந்தது. ஸ்டியரிங் அதே மலிவு ஸ்டியரிங்.

நோட்டில் அந்த 1:58-ஐ மட்டும் அடித்துவிடப் பார்த்தான். வேண்டாம் என்றேன். அஸ்காரிக்கு முந்தைய பலகையைத் திரையில் நிறுத்திவைத்து, இன்னும் பத்து மீட்டர் முன்னால் ஒரு நிழல் விழுகிறதே, அதைக் குறி வைக்கலாமா மாமா என்று அவனே கேட்டான்.